கல்லான கடைவாய்ப்பல்

திருச்சி,
ஞாயிறு இரவு

அன்புள்ள முருகேசா,

உன் கடிதம் பதினெட்டு நாள் பயணம் செய்து பத்து நாளைக்கு முன்பு வந்து சேர்ந்தது. உறையைப் பார்த்ததுமே கமலா, "போனில் பேசினால் ஆகாதா இந்த மனுஷனுக்கு?" என்றாள். ஆகாது என்று உனக்கும் எனக்கும் தெரியும். போனில் பேச்சு சூடு பிடிக்கும் நேரத்தில் பேத்தி அழுகிறாள் என்று வைத்துவிடுவாய். கடிதத்தில் அப்படித் தப்பிக்க முடியாது.

இங்கே எல்லாரும் சௌக்கியம். காவிரியில் தண்ணீர் போகிறது. கீழ்வீட்டுக்காரரோடு மோட்டார் சண்டை இந்த மாதமும் தொடர்கிறது. என் பங்குக்குப் பெரிய சேதி ஒன்றுதான்: கீழ்வரிசை வலது கடைவாய்ப்பல் போய்விட்டது. இரண்டு வருஷத்துக்கு முன்பு ரூட் கேனல் செய்து, பணம் கொட்டித் தொப்பி மாட்டிக்கொண்டேனே, அதே பல். கோகுலாஷ்டமிச் சீடை ஒன்று கதையை முடித்தது. டாக்டர் அதைப் பிடுங்கி ஒரு சின்ன டப்பாவில் போட்டுக் கையில் கொடுத்தார். பல் போனால் சொல் போச்சு என்பார்கள். எனக்குச் சொல் போகவில்லை, சீடைதான் போயிற்று. இந்த நேரம் பார்த்து நீ கான்சஸிலிருந்து பல் படம் மூன்று அனுப்பியிருக்கிறாய்.

ஹேஸ் ஊர் அருங்காட்சியகத்துக்கு மகள் கூட்டிக்கொண்டு போனாள் என்று எழுதியிருந்தாய். மீனுக்குள் மீன் இருக்கும் அந்தப் பிரசித்தமான கல்லை, நாலு மீட்டர் மீன் ஒன்று முழு மீனை விழுங்கிய கையோடு செத்துக் கல்லாகிக் கிடப்பதை, ஒரே வரியில் முடித்துவிட்டாய். மூலையில் இருந்த பல் பெட்டிக்கு மட்டும் ஒன்றரைப் பக்கம். காரணம் கடைசி வரியில் இருந்தது: "இதே மாதிரி ஒன்று 1983இல் காரையில் என் கையில் இருந்தது. நீயும் பார்த்தாய்."

நம் பெரம்பலூர்ப் பக்கத்துக் காரை ஊரிலா என்று முதலில் சிரித்துவிட்டேன். சிரித்த பிறகு கொஞ்சம் படித்தேன். படித்த பிறகு சிரிப்பு குறைந்துவிட்டது. அதனால் ஒன்று செய். இந்த இடத்தில் என் கடிதத்தை மூடி வை. படங்களையும் பார்க்காதே. ஒரு தாளில் நீ அன்று பொறுக்கிய பல்லை, மேலிருந்து பார்த்தால் எப்படி இருந்ததோ அப்படியே பென்சிலால் வரை. முக்கியமாக அதன் மேலிருந்த வரிகள் எங்கே தொடங்கி எங்கே போய் முடிந்தன என்பதைக் காட்டு. உறையில் போட்டு ஒட்டு. அப்புறம் மேலே படி.

ஒட்டிவிட்டாயா? சரி.

உன் படங்களில் இருப்பது டைகோடஸ் என்ற சுறாவின் பற்கள். ஆங்கிலத்தில் எழுதும்போது முன்னால் ஒரு ஊமை எழுத்து நிற்கும், அதை உச்சரிக்க வேண்டாம். மடிப்புப் பல் என்று அர்த்தம், கிரேக்கத்திலிருந்து எடுத்தது. பெயர் வைத்தவர் லூயி அகாசி, சுவிட்சர்லாந்துக்காரர். 1833 தொடங்கி 1843 வரை புதைபடிவ மீன்களைப் பற்றிப் பல பாகங்களாக எழுதித் தள்ளியவர். அதற்கு முன்பு இங்கிலாந்துச் சாக்குப் பாறைகளில், அதாவது சாக்பீஸ் மாதிரியான வெள்ளைச் சுண்ணாம்புக் கல்லில், இந்தப் பற்களைப் பொறுக்கியவர்கள் இவற்றை 'அண்ணம்' என்றே சொல்லிவந்தார்கள். நம் பேத்தை மீன் மாதிரி ஏதோ ஒன்றின் வாய் மேற்கூரை என்று நினைத்திருக்கிறார்கள். அவர்களைக் குற்றம் சொல்ல மாட்டேன். சுறாப்பல் என்றால் முக்கோணமாக, ரம்பம் மாதிரி விளிம்போடு இருக்க வேண்டும் என்றுதானே எல்லாருக்கும் நினைப்பு. இது கட்டையாக, கட்டிச் சோப்பை நறுக்கி வைத்த மாதிரி இருக்கிறது. லைம் ரீஜிஸ் கடற்கரையில் கிடைத்த இன்னொரு பழைய சுறாவின் பற்கள் இன்னும் வேடிக்கை. அவற்றுக்கு 'கல் அட்டை' என்று பெயர் வைத்திருந்தார்கள். உடல் சுருக்கிய அட்டை மாதிரியே இருக்கும் அவை.

நீ எழுதியதில் எனக்குப் பிடித்த வரி, "யாரோ உளி வைத்துக் கொத்திய மாதிரி வரி வரியாக இருக்கிறது" என்பது. அம்மி கொத்துகிறவர் தெருவில் கூவிக்கொண்டு வருவாரே, ஞாபகமிருக்கிறதா? வழுவழுவென்று தேய்ந்துபோன அம்மியில் மிளகாய் வழுக்கிக்கொண்டு ஓடும். அவர் உட்கார்ந்து டக் டக்கென்று கொத்திவிட்டுப் போனால் மறுபடி பிடிப்பு வந்துவிடும். இந்தப் பல்லின் வரிகளுக்கும் அதே வேலைதான். ஈரமான, உருண்டையான ஓடு தாடைக்கு நடுவில் வழுக்கிப் போகாமல் பிடித்து நிறுத்த வேண்டும். தேய்ந்த பற்களும் நிறையக் கிடைக்கின்றன, நடுவில் வரியெல்லாம் அழிந்து பளபளவென்று. சுறாவுக்கு மட்டும் அம்மி கொத்துகிறவர் தேவையில்லை. தேய்ந்த பல் விழும், பின்னால் வரிசையில் காத்திருக்கும் புதுப் பல் முன்னுக்கு வரும். ஆயுள் முழுக்க இப்படியே. நான் டப்பாவில் ஒரு பல்லை வைத்துக்கொண்டு இதைப் படித்தேன் என்பதை நினைத்துப் பார்.

வாய்க்குள் நூற்றுக்கணக்கில் பற்கள், தளத்தில் செங்கல் பாவிய மாதிரி வரிசையாக. கீழ்த்தாடையில் நடு வரிசைப் பற்கள்தான் எல்லாவற்றிலும் பெரியவை. மேல்தாடையில் அதற்கு நேர்மாறாக நடு வரிசை சின்னது, இரண்டு பக்கமும் பெரியவை. ஆக, கீழே மேடு, மேலே பள்ளம். என் பாட்டி பல்லெல்லாம் போன பிறகு வெற்றிலைப் பாக்கை ஒரு சின்ன இரும்பு உரலில் இடித்துக்கொள்வாள். அந்த உரலைத் தலைகீழாக்கி வாயில் வைத்துக்கொண்டு நீந்திய மிருகம் இது. இந்தப் பல் அமைப்பை இங்கிலாந்தில் ஸ்மித் உட்வர்ட் என்பவர் 1904இல் தெளிவாக்கினார்.

பல்லைப் பற்றி இவ்வளவு தெரியும். மற்றதைப் பற்றி? சுறாவுக்கு எலும்பு கிடையாது, குருத்தெலும்புதான். செத்தால் அது கரைந்து போய்விடும். பல்லின் மேல்பூச்சில் மட்டும் ஃபுளோரைடு கலந்த கெட்டியான தாது இருப்பதால் அது தப்பிக்கிறது. டைகோடஸ் 10 கோடி ஆண்டுகளுக்கு முன்பே தலைகாட்டி, ஏறத்தாழ 7.5 கோடி ஆண்டுக்கு முன்புவரை உலகக் கடல்களில் இருந்தது. இத்தனை காலத்தில் அது உதிர்த்த பற்கள் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் அள்ள அள்ளக் கிடைத்தன. உடம்பு மட்டும் கிடைக்கவில்லை.

கிடைக்கவில்லை என்றால் சும்மா இருந்தார்களா? பல்லை வைத்து உடம்பு வரைந்தார்கள். ஆஸ்திரேலியாவில் போர்ட் ஜாக்சன் சுறா என்று ஒன்று இன்றும் இருக்கிறது. குட்டையான தலை, கடல் தரையில் மெதுவாக ஊர்ந்து கிளிஞ்சலை நொறுக்கித் தின்கிறது. அகாசி அந்தக் கூட்டத்தில் சேர்த்தார். அதே ஸ்மித் உட்வர்ட் 1880களில் இல்லை, இது திருக்கைக்கு உறவு என்றார். திருக்கைக்கும் தட்டைப் பல்தானே, நம் மீன் மார்க்கெட்டிலேயே வாயைப் பிளந்து பார்க்கலாம். இருபதாம் நூற்றாண்டில் அதை எடுத்து, டைனோசர் காலத்துப் பழைய சுறாக் குடும்பம் ஒன்றில் போட்டார்கள். ஒரே பல், மூன்று குடும்ப அட்டை!

உன் கான்சஸ் கதை இந்த இடத்தில் வருகிறது. நீ இப்போது கோதுமை வயலைப் பார்த்துக்கொண்டிருக்கும் நிலம், அன்று ஆர்க்டிக்கிலிருந்து மெக்சிகோ வளைகுடாவரை வட அமெரிக்காவை இரண்டாகப் பிளந்துகொண்டு கிடந்த கடல். ஸ்மோக்கி ஹில் சாக்குப் பாறை அந்தக் கடலின் அடிச்சேறு. அந்தச் சேற்றின் மேல் இனோசெரமஸ் வகைச் சிப்பிகள் படுத்துக் கிடந்தன. சில ஓடுகள் மூன்று மீட்டர் அகலம், நம் வீட்டுக் கூடத்துப் பாய் ஜமக்காளத்தை விடப் பெரியது. பெரிய சிப்பி, ஓடு நொறுக்கும் பல்: கணக்கு பொருந்திவிட்டது. 2010 வாக்கில் கென்ஷு ஷிமாடா என்பவரும் அவர் கூட்டாளிகளும் கான்சஸில் கிடைத்த ஒரு தாடைத் துண்டை வைத்து, டைகோடஸ் மார்டோனி என்ற இனம் பத்து மீட்டர் வரை வளர்ந்திருக்கும் என்று மதிப்பிட்டார்கள். பஸ் நீளத்துக்கு ஒரு சுறா, கடல் அடியில் சோம்பேறியாகக் கிடந்து சிப்பியை உறிஞ்சித் தின்கிறது. படங்களும் அப்படியே வந்தன. பார்க்க ஒரு மாதிரி சாந்தமான பெரிய மனுஷனாகத் தெரிந்தது. சொல்லப்போனால் எனக்கு அந்த மிருகத்தைப் பிடித்திருந்தது.

2024 ஏப்ரலில் இந்தப் பெரிய மனுஷச் சுறாவின் குடும்பம் மறுபடி மாறிப்போனது.

மெக்சிகோவின் வடகிழக்கில் நுவேவோ லியோன் மாநிலத்தில் வயெசீயோ என்று ஒரு ஊர். கடப்பைக் கல் மாதிரி தகடு தகடாகப் பிரியும் சுண்ணாம்புக் கல்லை அங்கே வெட்டுகிறார்கள், தரைக்குப் போடுவதற்கு. தகட்டைப் பிரிக்கும்போது மீன் வரும், ஆமை வரும். 2012இல் ஒரு கல்குவாரித் தொழிலாளி பிரித்த கல்லிலிருந்து, இறக்கை விரித்த மாதிரி நீண்ட துடுப்போடு ஒரு விநோதச் சுறாவே வந்தது, அதற்குக் கழுகுச் சுறா என்று பெயரிட்டார்கள். அதே ஊர்க் கற்களில் டைகோடஸும் இருந்தது. இந்த முறை பல் மட்டும் இல்லை, முழு உடம்பு. துடுப்பு எங்கே, வால் எப்படி என்று விளிம்புக்கோடு வரை பதிந்திருக்கிறது. பிரான்ஸில் ரென் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ரொமெய்ன் வுல்லோவும் மற்றவர்களும் ஆராய்ந்து எழுதினார்கள். இது தரையில் கிடந்த சோம்பேறி இல்லை. விரைந்து நீந்திய சுறா, இன்றைய போர்பீகிள் சுறாவின் உடல்வாகு. சேர்ந்திருப்பது வெள்ளைச் சுறாவும் மாகோவும் இருக்கும் வரிசையில். அப்படியானால் தின்றது என்ன? தரைச் சிப்பியை விட, நடுத் தண்ணீரில் நீந்திக்கொண்டிருந்த, சுருள் ஓடு சுமந்த அம்மோனைட்டும் கடல் ஆமையும்தான் என்கிறார்கள்.

யோசித்துப் பார், முருகேசா. பல் ஒரு பொய்யும் சொல்லவில்லை. ஓட்டை நொறுக்குவேன் என்றது, நொறுக்கியது. ஓடு என்றால் தரையில் கிடப்பது, தரையில் கிடப்பதைத் தின்பவன் மந்தமானவன் என்று சேர்த்துக்கொண்டது நாம். ஓட்டைச் சுமந்துகொண்டு ஓடுகிறவர்களும் கடலில் இருந்தார்கள், அவர்களைத் துரத்திப் பிடிக்க ஒரு ஆள் வேண்டும் என்று தோன்றவில்லை. இத்தனைக்கும் பள்ளிக்கூடத்தில் முப்பது வருஷம் பாடம் நடத்திய எனக்கும்தான் தோன்றவில்லை.

எனக்கு ஒரு சின்ன மனக்குறையும் உண்டு. இப்போது வருகிற கட்டுரைகள் சில, சிப்பி தின்றதே இல்லை என்கிற மாதிரி எழுதுகின்றன. வயெசீயோவில் கிடைத்ததை வைத்து எல்லா இனத்தையும் ஒரே அச்சில் வார்ப்பது பழைய தவறின் மறுபக்கம் என்றே படுகிறது. சில இனங்களின் பல் கிட்டத்தட்டத் தட்டை, சிலவற்றில் நடுவில் குன்று மாதிரி எழும்பியிருக்கிறது. எல்லாம் ஒரே சாப்பாட்டுக்கா? கடிக்கிற விதம் வேறாக இருந்திருக்கும். இது என் அபிப்பிராயம், நீ வேண்டுமானால் சண்டைக்கு வா.

இவை அழிந்த விதமும் கொஞ்சம் வித்தியாசம். டைனோசரை முடித்த 6.6 கோடி ஆண்டுக்கு முந்தைய அந்தப் பெரிய நாளுக்கு இவர் காத்திருக்கவில்லை, சுமார் ஒரு கோடி ஆண்டு முன்னாலேயே கிளம்பிவிட்டார். அப்போது மொசசோர் என்ற கடல் பல்லிகளில் சில, உருண்டைப் பல்லோடு ஓடு நொறுக்க வந்துவிட்டன. போட்டி தாங்காமல் போயிருக்கலாம் என்பது வுல்லோ குழுவின் ஊகம்.

இனி உன் காரை.

அந்தப் பயணத்தில் சாத்தனூர்க் கல்மரத்தின் மேல் நீ ஏறி நின்று திட்டு வாங்கினாய். பதினெட்டு மீட்டர் மரம், அவ்வளவு நீளத்தில் உனக்கு நிற்க வேறு இடம் கிடைக்கவில்லை. மத்தியானம் காரையில் இறங்கினோம். செம்மண் ஓடைகளாக அறுத்துக்கொண்டு போன அந்தப் பொட்டல், வெயிலில் கண்ணாடித் துண்டு மாதிரி மின்னிய ஜிப்சம் தகடு, கால் வைக்கும் இடமெல்லாம் பெலெம்னைட், கணவாய் ஜாதிப் பிராணி ஒன்றின் தோட்டா வடிவக் கல். தோட்டா தோட்டா என்று கால்சட்டைப் பை நிறைய அள்ளினாய். அது எனக்கு நன்றாக ஞாபகமிருக்கிறது. பல் ஞாபகமில்லை. திரும்பி வரும்போது பஸ்ஸில் ஜியாமெட்ரி பாக்ஸைத் திறந்து எதையோ காட்டினாய், அது மட்டும் மங்கலாக இருக்கிறது. நான் புளியங்கொட்டை என்று சொன்னேனாம். சொல்லியிருப்பேன். அப்போது பசி.

விஷயம் என்னவென்றால், 2012இல் நம் நாட்டு ஆய்வாளர்கள் ஒரு கட்டுரை வெளியிட்டிருக்கிறார்கள், காவிரிப் படுகையின் காரைப் பாறைகளிலிருந்து டைகோடஸ் டெகரென்ஸ் கிடைத்தது என்று. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. டெகரென்ஸுக்கும் பெயர் சூட்டியவர் அதே அகாசிதான், இங்கிலாந்துச் சாக்குப் பாறையில் கிடைக்கிற இனம். அன்றைக்கு இந்தியா தெற்கே, மடகாஸ்கரோடு ஒட்டிக்கொண்டு கிடந்தது. அங்கேயும் இங்கேயும் ஒரே இனம். தரையில் ஊர்கிறவனுக்கு இவ்வளவு தூரம் எதற்கு, நீந்துகிறவன் என்றால் சரிதான் என்று தோன்றுகிறது. போதாததற்கு, அதே காரையில்தான் அம்மோனைட்டும் கிடைக்கிறது. சாளக்கிராமத்தில் சுருண்டிருக்கிறதே, அந்த ஜாதி. இலையும் இருக்கிறது, சாப்பிடுகிறவரும் இருக்கிறார்.

போன வாரம் மாப்பிள்ளையின் பைக்கில் தொற்றிக்கொண்டு காரைக்குப் போய் வந்தேன். இடுப்பு இரண்டு நாள் பேசவில்லை. மூன்று மணி நேரம் குனிந்து தேடினேன். தோட்டா கிடைத்தது, ஜிப்சம் கிடைத்தது, ஆடு மேய்த்த பெரியம்மா ஒருத்தி, "என்னத்தத் தொலச்சீங்க?" என்று கேட்டாள். பல் என்றேன். என் வாயைப் பார்த்துவிட்டுத் தலையாட்டினாள்.

ஆக, உன் கட்சி முழுப் பொய் என்று இப்போது நான் சொல்வதற்கில்லை. ஆனால் நாற்பது வருஷத்து ஞாபகம் கண்ணாடிப் பெட்டியைப் பார்த்ததும் அதே வடிவத்துக்கு மாறிக்கொள்ளும். அதனால்தான் உன்னை வரையச் சொன்னேன். நீ அனுப்பிய முதல் படம், "இதே மாதிரி" என்று நீ வட்டம் போட்டது, மார்டோனி. நடுவில் குன்று, அதன் உச்சியிலிருந்து வரிகள் நாலா பக்கமும் கதிர் மாதிரி கிளம்பும். டெகரென்ஸ் அப்படி இல்லை. அதில் வரிகள் குறுக்கே ஓடி விளிம்பு வரை இறங்கிப் போய் முடியும், பெயரே அதற்குத்தான். உன் பென்சில் படத்தில் கதிர் இருந்தால், நீ 1983இல் பார்த்ததை வரையவில்லை, போன மாதம் ஹேஸில் பார்த்ததை வரைந்திருக்கிறாய். வரிகள் குறுக்கே விளிம்புக்கு இறங்கியிருந்தால், பாவி, கையில் வைத்திருந்து தொலைத்திருக்கிறாய்.

உறையைப் பிரித்துத் திருத்தாதே. உன் கையெழுத்து எனக்குத் தெரியும், அழித்த ரப்பர் தடமும் தெரியும். ஒட்டியபடியே இன்னொரு உறைக்குள் போட்டு அனுப்பு. கமலா உன் பக்கம் நூறு ரூபாய் பந்தயம் கட்டியிருக்கிறாள். உங்கள் அம்மா அந்த ஜியாமெட்ரி பாக்ஸை என்ன செய்தார்கள் என்று தங்கச்சியிடம் கேட்டுப் பார்த்தாயா? பழைய இரும்புக்காரனுக்குப் போட்டிருந்தால் அதையும் எழுது, மறைக்காதே.

மகளுக்கும் பேத்திக்கும் ஆசிகள்.

உன்,
சேது

பி.கு.: என் பல்லை இன்னும் தூக்கிப் போடவில்லை. தொப்பியோடு டப்பாவில் இருக்கிறது. கமலா தினமும் கேட்கிறாள்.